பந்தியும் பற்றுவரவும்: ஒரகடம் சாலையில் கல்யாண வரவேற்பின் அரசியல்

1

கல்யாணச் செலவைப் பற்றி நம் சூழலில் இரண்டு விதமான பேச்சுகள்தான் உண்டு. ஒன்று உபதேசம்: 'விரலுக்கேத்த வீக்கம் வேணும், கடன் வாங்கி ஊருக்குச் சோறு போடறதெல்லாம் அறியாமை.' மற்றது வாய் பிளப்பது: 'அடேயப்பா, என்னா ஆடம்பரம்!' இரண்டுமே செலவு செய்கிறவனின் புத்தியைப் பற்றிய பேச்சுகள். செலவுக்கான பணம் எங்கிருந்து வருகிறது, யார் கணக்கில் ஏறுகிறது, பிறகு யாரைக் கட்டிப்போடுகிறது என்ற கேள்விகளை இரண்டும் தொடுவதில்லை.

ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் வழியாகச் சிங்கப்பெருமாள் கோவிலுக்குப் போகிற சாலையை ஒட்டிய ஊர்களில், பதினைந்து வருடங்களுக்கும் மேலாகத் தொழிலாளர் குடும்பங்களின் கல்யாண நோட்டுகளைப் பார்த்து வருகிறேன். 'தோழர், கொஞ்சம் கூட்டிப் பாத்துச் சொல்லுங்க' என்று கொண்டுவருவார்கள். அந்த நோட்டுகளை ஒரு பிரதியாக வாசிக்க முடியும் என்பதே இக்கட்டுரையின் முயற்சி. என் வாதத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தப் பகுதியில் வரவேற்பின் பட்ஜெட் என்பது கூலிக் கணக்கின் கடைசிப் பக்கம். கூலி எவ்வளவுக்கு நிச்சயமற்றதோ அவ்வளவுக்குக் கடன். கடன் எவ்வளவோ அவ்வளவுக்குக் கீழ்ப்படிதல். ஆகவே அது குடும்ப விவகாரம் என்பதைவிடத் தொழிற்சங்க விவகாரம்.

2

'ரிசப்ஷன்' என்று எல்லோரும் சொல்கிற இந்த வரவேற்பு பழைய சடங்கு அல்ல. நம் பாட்டிகள் காலத்தில் பரிசம் போடுவது, பந்தக்கால் நடுவது, நலங்கு, பெண் அழைப்பு, தாலிகட்டு, மறுவீடு எல்லாம் உண்டு. மணமக்களை ஜோடி நாற்காலியில் உட்காரவைத்து, வந்தவர்கள் வரிசையில் நின்று கவரைக் கொடுத்துப் படம் எடுத்துக்கொண்டு இறங்குகிற காட்சி கிடையாது. விவசாய நேரம் வேறு மாதிரியானது. அறுப்பு முடிந்து கையில் நெல்லும் பொழுதும் இருந்தால் கல்யாணம் நாள்கணக்கில் நடக்கலாம். அரிசி வீட்டிலிருந்து வரும், காய் பங்காளி கொல்லையிலிருந்து வரும், பந்தலுக்குக் கீற்று ஊரிலேயே முடைவார்கள்.

'அந்தக் காலத்துல செலவே இல்லாம கல்யாணம் நடந்துச்சு' என்ற ஏக்கத்தை இங்கே நாம் சந்தேகிக்க வேண்டும். பறையடித்தவர், மாத்து விரித்த வண்ணார், சவரம் செய்த நாவிதர் ஆகியோரின் உழைப்பு 'முறை' என்ற பெயரில் வாங்கப்பட்டது. அவர்களுக்குக் கிடைத்தது படி நெல்லும், கடைசிப் பந்தியில் அல்லது பந்திக்கு வெளியே ஒரு இலையும். செலவு இல்லாமல் இல்லை. அதைச் சாதி சுமந்தது. யார் நோட்டிலும் அது எழுதப்படவில்லை, அவ்வளவுதான்.

மாதச் சம்பளமும் ஆபீஸ் நேரமும் வந்த பிறகுதான் மாலை நேர வரவேற்பு நிலைபெறுகிறது. விடியற்காலை முகூர்த்தத்துக்கு உறவுக்காரர் வருவார். கூட வேலை செய்கிறவர் வேலை முடிந்து சாயங்காலம்தான் வர முடியும். சென்னையிலும் காஞ்சிபுரம் பக்கத்திலும் வரவேற்பு பெரும்பாலும் முகூர்த்தத்துக்கு முந்தின நாள் இரவே நடந்துவிடுகிறது. தாலி ஏறுமுன்பே புருஷன் பெண்டாட்டியாக மேடையில் நிற்கிறார்கள். சாஸ்திரம் இதைப் பொறுத்துக்கொள்கிறது, ஏனென்றால் மண்டபத்து வாடகை ஒரு பிற்பகலிலிருந்து மறு பிற்பகல்வரை. இங்கே சாஸ்திரத்தைவிட வாடகை மூத்தது.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். நம் கல்யாணச் சடங்குகளில் யார் வரலாம், யார் எங்கே நிற்கலாம் என்பதைச் சாதி தீர்மானிக்காமல் வேலை தீர்மானிக்கிற சடங்கு அநேகமாக இது ஒன்றுதான். ஒரே லைனில் நிற்கிறவர்கள் ஒரே பந்தியில் உட்காருகிறார்கள். ஊரும் சேரியும் இன்னும் தனித்தனியாகவே இருக்கிற கிராமங்களில் இது அற்பமான விஷயம் அல்ல. 'எங்க கம்பெனி பசங்க வந்தாங்க' என்று ஒரு தாய் சொல்லும்போது அதில் பெருமை மட்டும் இல்லை, ஊருக்கு ஒரு பதிலும் இருக்கிறது. வரவேற்பை வெறும் பகட்டு என்று ஒதுக்குகிற முற்போக்குப் பேச்சு இதைக் கோட்டை விட்டுவிடுகிறது.

3

சிக்கனக் கல்யாணத்துக்கும் இந்த மண்ணுக்கும் பழைய தொடர்பு உண்டு. முதலாவது மாகாண சுயமரியாதை மாநாடு 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில், டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன் தலைமையில் கூடியது. ஸ்ரீபெரும்புதூர் அன்று செங்கல்பட்டு ஜில்லாவுக்குள்தான் இருந்தது. பெண்ணுக்குச் சொத்துரிமை, துணையைத் தேர்ந்துகொள்ளும் உரிமை, 16 வயதுக்கு மேல்தான் திருமணம் என்றெல்லாம் அங்கே பேசப்பட்டது. அதற்கு முந்தின வருடம், 1928இல், அருப்புக்கோட்டை அருகே சுக்கிலநத்தத்தில் நடந்ததையே முதல் சுயமரியாதைத் திருமணம் என்று இயக்கத்தவர் குறிப்பிடுவார்கள். புரோகிதர் இல்லை, ஓமம் இல்லை, சொற்பொழிவு உண்டு. வந்த கூட்டத்தை அந்த இயக்கம் பயன்படுத்திக்கொண்ட விதம் முக்கியமானது: விருந்தாளி சபையோரானார், கல்யாணம் பொதுக்கூட்டமாயிற்று.

சட்டம் இதை லேசில் ஒத்துக்கொள்ளவில்லை. இப்படிப்பட்ட திருமணம் செல்லாது என்று 1953இல் சென்னை உயர்நீதிமன்றம் சொன்னது. அண்ணாதுரை ஆட்சியில் 1967இல் கொண்டுவரப்பட்ட திருத்தம்தான் இந்துத் திருமணச் சட்டத்தில் 7ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. முன்பு நடந்தவற்றுக்கும் அது செல்லுபடி தந்தது. உறவினர், நண்பர், அல்லது வேறு நபர்கள் முன்னிலையில், இவரை நான் ஏற்கிறேன் என்று தங்களுக்குப் புரியும் மொழியில் சொன்னால் போதும். மாலை மாற்றினாலும், மோதிரம் அணிவித்தாலும், தாலி கட்டினாலும் போதும்.

ஒரு கோட்பாட்டுக் கேள்வியாக இதைப் பார்ப்போம். அக்னி இருந்த இடத்தில் இந்தச் சட்டம் எதை வைத்தது? ஆட்களை வைத்தது. நெருப்பு சாட்சி போய் நண்பர்கள் சாட்சி வந்தது. சமத்துவத்தின் பக்கம் மிகப் பெரிய நகர்வு இது. ஆனால் சாட்சிக்கு எத்தனை பேர் என்று சட்டம் கேட்காதபோது சமூகம் கேட்டது. புரோகிதருக்குப் போன தட்சிணை மிச்சமானது. மேடை அலங்காரக்காரர், வீடியோக்காரர், ஒரு இலைக்கு இவ்வளவு என்று பேசுகிற காண்ட்ராக்ட் சமையல்காரர் ஆகியோர் அந்த இடத்துக்கு வந்தார்கள். சடங்கை வென்ற நாம் சந்தையை எதிர்பார்க்கவில்லை.

சாட்சியின் இன்னொரு முகம் கொடூரமானது. சாதி மீறிச் சேர்கிறவர்களுக்கு ஊரறிய நிற்பது உயிராபத்து. 2016 மார்ச்சில் உடுமலைப்பேட்டையில் சங்கர் பட்டப்பகலில் வெட்டிக் கொல்லப்பட்டதை நாம் மறந்துவிடவில்லை. வழக்கறிஞர் அறையில் ரகசியமாக நடக்கும் திருமணம் செல்லாது என்று 2014இல் உயர்நீதிமன்றம் சொல்லியிருந்தது. 7ஏ பிரிவுக்குப் பகிரங்க அறிவிப்பு தேவையில்லை என்று 2023 ஆகஸ்டில் உச்சநீதிமன்றம் அதை மாற்றியது. ஆக, சட்டப்படி வரவேற்பின் குறைந்தபட்சச் செலவு பூஜ்யம். இந்தத் தொழிற்பேட்டை லைன்களில் சந்தித்துச் சேர்ந்த சில ஜோடிகளுக்கு அந்தப் பூஜ்யம்தான் கிடைத்தது: பதிவு அலுவலகம், நாலு நண்பர்கள், ஒரு டீ. அதைச் சிக்கனத்துக்கு உதாரணமாகக் காட்டுகிறவர்கள் உண்டு. தேர்ந்துகொண்ட எளிமையும் துரத்தப்பட்ட எளிமையும் ஒன்றல்ல.

4

அரசு இந்த விஷயத்தில் என்ன செய்தது? ஒரு பக்கம் சிக்கனம் போதித்தது, மறுபக்கம் செலவில் பங்கு கேட்டது. 1963இல் தங்கக் கட்டுப்பாடு வந்து, 14 காரட்டுக்கு மேல் புது நகை செய்யக்கூடாது என்றார்கள். 1968இல் அது தனிச் சட்டமாயிற்று, 1990இல் ரத்தானது. தமிழக அரசு 1989இல் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் நினைவுத் திருமண உதவித் திட்டத்தை 5,000 ரூபாயுடன் தொடங்கியது. 2011இல் அதோடு தாலிக்கு 4 கிராம் தங்கம் சேர்ந்தது, 2016இல் 8 கிராம் ஆனது. தேவதாசி முறையை எதிர்த்துப் போராடிய ஒரு சுயமரியாதைக்காரியின் பெயரில் அரசாங்கமே தாலித் தங்கம் கொடுத்தது நம் சரித்திரத்தின் விசித்திரங்களில் ஒன்று. 2022இல் அத்திட்டம் மாற்றப்பட்டு, அரசுப் பள்ளியில் படித்த பெண்களுக்கு உயர்கல்விக்காக மாதம் 1,000 ரூபாய் தருகிற புதுமைப் பெண் திட்டமாயிற்று. கொள்கையாகப் பார்த்தால் சரியான திசை. ஆனால் கல்யாண நோட்டில் 'கவர்மெண்ட் தங்கம்' என்று இருந்த வரி காலியானது. அந்த வரியை இப்போது அடகுக்கடை நிரப்புகிறது.

மண்டபத்தை எடுத்துக்கொள்வோம். 1997 ஜூலை 1 முதல் மண்டப வாடகை சேவை வரிக்குள் வந்தது. தமிழ்நாடு கல்யாண மண்டப உரிமையாளர்கள் சங்கம் உச்சநீதிமன்றம்வரை போய் 2004இல் தோற்றது. இன்று ஜி.எஸ்.டி. பதிவுள்ள மண்டபமென்றால் வாடகைமேல் 18 சதவீதம். சிக்கனம் பேசுகிற அரசு, கூடுகிற இடத்துக்கே வரி வாங்குகிறது.

ஒரு கல்யாணத்தின் 'விலை' என்ன என்று நீதிமன்றமே கணக்குப் போட்டதும் நம் மாநிலத்துக் கல்யாணம் ஒன்றுக்குத்தான். 1995 செப்டம்பரில் சென்னையில் நடந்த, ஜெயலலிதாவின் வளர்ப்பு மகன் திருமணத்தைச் சொல்கிறேன். அதற்கான செலவு சுமார் 6.45 கோடி என்றது சொத்துக்குவிப்பு வழக்கின் அரசுத் தரப்பு. 3 கோடி என்று எடுத்துக்கொண்டது 2014இல் விசாரணை நீதிமன்றம். 29 லட்சத்துக்கும் குறைவு என்றது 2015இல் கர்நாடக உயர்நீதிமன்றம். 2017இல் உச்சநீதிமன்றம் விசாரணை நீதிமன்றத் தீர்ப்பையே நிலைநிறுத்தியது. பெண் வீட்டார் செய்தது, கட்சிக்காரர்கள் செய்தது என்று எதிர்த்தரப்பு வாதிட்டது. ஒரே பந்தலுக்கு மூன்று விலை! இதிலிருந்து நமக்குக் கிடைக்கிற பாடம் ஒன்று உண்டு: கல்யாணச் செலவு என்பது ஒரு தொகை அல்ல, ஒரு உறவு. யார் யாருக்காகச் சுமக்கிறார்கள் என்பதைச் சொல்லாமல் தொகையைச் சொல்ல முடியாது. ஒரகடத்துக் குடிசைக்கும் இது பொருந்தும்.

5

இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார் 1998இல் ஓடத் தொடங்கியது. ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா 2006இல் திறந்து 2014 நவம்பர் 1இல் நின்றது. ஒரகடத்தில் ரெனோ – நிஸான் 2010இல் வந்தது. சிப்காட் எடுத்த நிலத்துக்குப் பணம் வாங்கியவர்களில் சிலர் சாலையோரம் மண்டபம் கட்டினார்கள். நிலம் போனவர்களின் பிள்ளைகள் அதே மண்டபத்துக்கு அட்வான்ஸ் கொடுக்கிறார்கள். காஞ்சிபுரத்தில் தறி ஓடிய வீட்டுப் பெண் கம்பெனி பஸ் ஏறுகிறாள். அப்பா நெய்த மாதிரியான கூரைப்புடவையை அவள் தவணையில் வாங்குகிறாள்.

ஆபீஸ் நேரத்தில் பிறந்த வரவேற்பை ஷிப்ட் நேரம் மூன்றாக உடைத்திருக்கிறது. 'ஏ' ஷிப்ட்காரர் சாயங்காலம் வந்து நிதானமாகச் சாப்பிடுகிறார். 'சி' ஷிப்ட்காரர் ஏழரைக்கே இலைக்கு உட்கார்ந்து பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறார். 'பி' ஷிப்ட் முடிந்து பத்தரை, பதினொரு மணிக்கு வருகிறவர்களுக்கு இட்லி தீர்ந்து, இடியாப்பம் காய்ந்து, மேடையில் பூ உதிர்ந்திருக்கும். நானூறு பேருக்குச் சமைப்பதா ஐந்நூறு பேருக்கா என்று சமையல்காரர் கேட்கிற கேள்விக்குப் பதில் குடும்பத்திடம் இல்லை, கம்பெனியின் ஓவர்டைம் பட்டியலில் இருக்கிறது.

மாப்பிள்ளை பேசும்போது கேட்கப்படும் முதல் கேள்வி: 'பர்மனெண்டா, காண்ட்ராக்டா?' 24 மாதத்தில் 480 நாள் வேலை செய்தவரை நிரந்தரமாக்க வேண்டும் என்று தமிழ்நாட்டில் 1981லேயே சட்டம் இயற்றப்பட்டது. 480ஐத் தொடவிடாமல் 'டிரெயினி', 'காண்ட்ராக்ட்', மறுபடி வேறு காண்ட்ராக்டர் பெயரில் அதே இடம் என்று ஆட்களைச் சுழற்றுகிற வித்தையும் கூடவே வளர்ந்தது. அதன் விளைவை வருங்கால வைப்புநிதியில் பார்க்கலாம். 1952ஆம் வருடத்து பி.எஃப். திட்டத்தில் 68கே என்று ஒரு பத்தி உண்டு. தன் கல்யாணத்துக்கோ, பிள்ளைகள், உடன்பிறந்தாரின் கல்யாணத்துக்கோ, ஏழு வருடம் உறுப்பினராக இருந்தவர் தன் பங்கில் பாதியை எடுக்கலாம் என்றது அது. கூலி கடைசியில் எதற்குப் போகும் என்று அரசுக்கும் தெரியும் என்பதற்கு இதைவிட வேறு ஆவணம் வேண்டாம்.

கணக்குப் போடுவோம். 15,000 ரூபாய்க்கு 12 சதவீதம் மாதம் 1,800. ஏழு வருடத்துக்கு 1,51,200. பாதி 75,600, அதற்கு வட்டி. நிரந்தரத் தொழிலாளிக்கு இது மண்டபமும் சமையலும். மூன்று வருடத்தில் வெளியே அனுப்பப்பட்டு, வேலையில்லாத மாதங்களில் பி.எஃப்.ஐ எடுத்துச் சாப்பிட்டுவிட்டவருக்கு 68கே வெறும் காகிதம். 2025 அக்டோபரில் வைப்புநிதி அறங்காவலர் குழு இந்த விதிகளைச் சுருக்கி 12 மாதச் சேவை போதும் என்று முடிவெடுத்தது. நல்லதுதான். ஆனால் 12 மாதத்தில் சேர்வது எவ்வளவு? அதே கணக்கில் 21,600.

பெண்களின் நோட்டு இன்னும் சிக்கலானது. தூரத்து மாவட்டங்களிலிருந்து விடுதிக்கு வந்து தங்கி வேலை செய்யும் பெண்களில் பலருக்கு வேலையின் நோக்கம் கல்யாணத்துக்குச் சேர்ப்பது. வேலையின் முடிவும் கல்யாணம்தான். சுங்குவார்சத்திரம் ஃபாக்ஸ்கான் ஆலையில் ஐபோன் பொருத்தும் வேலைக்குத் திருமணமான பெண்களை எடுப்பதில்லை என்று 2024 ஜூனில் ராய்ட்டர்ஸ் எழுதியது. புதிதாக எடுத்தவர்களில் 25 சதவீதம் திருமணமான பெண்கள் என்று சொல்லி நிறுவனம் மறுத்தது. ஒன்றிய தொழிலாளர் அமைச்சகம் மாநில அரசிடம் அறிக்கை கேட்டது. ஒரு நிறுவனத்தைத் தாண்டிய கேள்வி இது. தாலி ஏறுகிற அன்று வருமானம் நிற்கும் என்றால், வரவேற்புக் கடனை அடைப்பது யார்? புகுந்த வீட்டில் அவளுடைய நகை முதலில் அடகுக்குப் போகிறது. பேச்சு அங்கே ஆரம்பித்து எங்கே போய் முடியும் என்பது நமக்குத் தெரியும்.

அதே நிறுவனத்தின் தொழிலாளிகள் 2021 டிசம்பரில் விடுதிச் சாப்பாட்டால் நோயுற்று, சென்னை – பெங்களூர் நெடுஞ்சாலையை மறித்தார்கள். வருடக்கணக்கில் யாரோ போட்டதைச் சாப்பிட்ட ஒருத்தி, ஒரே ஒரு ராத்திரி நாலு பேருக்குத் தன் பெயரில் நல்ல சாப்பாடு போட ஆசைப்படுவதை 'போலி கௌரவம்' என்று சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை.

6

அப்படியானால் என்னதான் செய்வது? நோட்டைத் திறந்து பார்த்தால் ஒன்று தெளிவாகத் தெரியும்: அரிசி பருப்பால் யாரும் முழுகிப்போவதில்லை. கிலோ அரிசிக்கு எட்டுப் பேர் என்றால் நானூறு பேருக்கு ஐம்பது கிலோ. முழுக வைப்பது மூன்று விஷயங்கள். முதலாவது, இலைக்கணக்கில் பேசும் காண்ட்ராக்ட். மளிகையை நாமே வாங்கிச் சமையலுக்குக் கூலி மட்டும் பேசினால் இடைத்தரகு இல்லை. இரண்டாவது, ஞாயிற்றுக்கிழமை முகூர்த்தத்துக்கு மண்டபம் கேட்கும் விலை. ஊராட்சி சமுதாயக்கூடம் அல்லது வார நாள் பகல் விருந்து என்றால் வேறு கணக்கு. மூன்றாவது, நேரம். மண்டபத்துக்கும் மேடைக்கும் பணம் முன்னால் போகிறது, மொய் அன்று ராத்திரிதான் வருகிறது. நடுவில் இருக்கிற சில வாரங்களின் பெயர்தான் வட்டி. கந்துவட்டிக்கு எதிராக 2003லேயே சட்டம் வந்துவிட்டது. ஆனால் மீட்டர் வட்டிக்காரரும், வாராவாரம் வாசலில் உட்காருகிற குழுக்கடன் வசூல்காரரும் அந்தச் சட்டத்தைப் படித்தவர்களாகத் தெரியவில்லை.

இந்த மூன்றையும் தனிக்குடும்பம் தனியாகத் தீர்க்க முடியாது. இங்கேதான் மொய் நமக்கு ஏதோ சொல்கிறது. மொய் நோட்டு வட்டியில்லாத கடன் பதிவேடு. நான் உனக்கு வைத்தது, நீ எனக்குத் திருப்பி வைப்பது. வங்கியும் ஜாமீனும் இல்லாமல் ஞாபகத்தாலும் மானத்தாலும் ஓடுகிற நிதி. சாதிக்குள்ளும் ஊருக்குள்ளும் அடைபட்டிருப்பது அதன் குறை. அதே மொய்யைக் கல்யாணத்துக்கு ஒரு மாதம் முன்பே, லைன் வாரியாக, தொழிற்சங்கக் கணக்கில் எழுதினால் வட்டிக்காரருக்கு அந்த இடைவெளி கிடைக்காது. பாத்திரம், பெஞ்சு, ஷாமியானாவைச் சங்கம் ஒருமுறை வாங்கி வைத்தால் பத்துக் கல்யாணத்துக்கு ஓடும். வாழ்த்து ஃப்ளெக்ஸுக்குத் தனித்தனியாகக் காசு போடுகிற நண்பர்கள் அதைச் சமையல் கூலிக்குப் போடலாம். இவையெல்லாம் சில்லறை யோசனைகள் என்று தோழர்கள் சிரிக்கலாம். சிரிப்பதற்கு முன் 2024 செப்டம்பரை நினைத்துப் பார்க்க வேண்டும்.

சங்க அங்கீகாரம் கேட்டுச் சாம்சங் தொழிலாளர் ஆயிரம் பேருக்கு மேல் செப்டம்பர் 9இல் வெளியே வந்தார்கள், அக்டோபர் 15வரை நின்றார்கள். முப்பத்தேழு நாள். அந்த நாள்களில் பந்தலில் இருந்தவர்களுக்கும் வீட்டிலிருந்து போன் வந்திருக்கும். தவணை தேதி வேலைநிறுத்தத்துக்காகத் தள்ளிப்போவதில்லை. கல்யாணக் கடன் உள்ள ஒருவன் எத்தனை நாள் பந்தலில் உட்கார முடியும் என்பதை நிர்வாகங்கள் நம்மைவிட நன்றாகக் கணக்கிடுகின்றன. வேலையிடத்தில் மேஸ்திரி போடாத கட்டுப்பாட்டை வட்டிக்காரர் வீட்டில் போடுகிறார். தொழிற்சங்கம் கூலி உயர்வைக் கேட்கிறது, அந்த உயர்வு மண்டபம் வழியாக வட்டிக்கடைக்குப் போவதைத் 'தனிப்பட்ட விஷயம்' என்று விட்டுவிடுகிறது.

செங்கல்பட்டு தலைமுறை கல்யாணத்தை மேடையாக்கியது. புரோகிதர் கையிலிருந்து அதைப் பிடுங்கிச் சபையோர் கையில் கொடுத்தது. அந்த வேலை பாதியில் நிற்கிறது. மிச்சப் பாதி, சபையோர் கையிலிருந்து நழுவி வட்டிக்காரர் கைக்கும் காண்ட்ராக்டர் கைக்கும் போனதைத் திரும்ப வாங்குவது. அதற்கு முதல்படியாக, தொழிலாளியைப் பார்த்துச் 'சிக்கனமா இருப்பா' என்று சொல்வதை நிறுத்துவோம். 480 நாள் முடிந்தவனுக்கு நிரந்தரம், தாலி கட்டிக்கொண்டவளுக்கும் அதே வேலை, 'பி' ஷிப்ட் முடிந்து வருகிறவனுக்கும் சூடாக ஒரு இலை. அடுத்த கோரிக்கைப் பட்டியல் எழுதும்போது இந்த மூன்றையும் ஒரே தாளில் எழுதலாம்.